ஸ்னெல்வி

"இந்தச் சொல்லை வாசிங்க," என்றார் மார்ஜரி. லண்டனில் அகராதி நிறுவனம் ஒன்றின் தலைமை ஆசிரியர் அவர்.

டனூட்டா அங்கே வேலைக்கான நேர்முகத்துக்கு வந்திருந்தாள். இந்த வேலை கிடைக்காவிட்டால் விசா முடிந்துவிடும். போலந்துக்குத் திரும்ப வேண்டியதுதான். மேசையில் அவள் தொகுத்ததாகப் பெயர் போட்ட மீனவர் சொல்லகராதி விரிந்திருந்தது.

"ஸ்னெல்வி, மேடம். கடைசியில ஒரு 'கே' எழுதணும், ஆனா சொல்லக் கூடாது."

"அர்த்தம்?"

"படகைக் கரையேத்தின பிறகும் அடியில காயாம இருக்குற ஈரம்."

"பிரமாதம்! எங்க பிடிச்சீங்க?"

"கார்ன்வால்ல, மேடம். ஒரு வருஷம் மீனவங்களோடயே இருந்தேன். வலை பின்னுற கிழவர் ஒருத்தர் சொன்னார்."

"உங்க காதால கேட்டீங்களா?"

"சத்தியமா!"

மார்ஜரி எழுந்து போய்க் கதவைச் சாத்திவிட்டு வந்தார்.

"அந்தக் கிழவரை நான் பார்த்தே ஆகணும். எங்க அகராதியைக் காப்பி அடிக்கிறவங்களைப் பிடிக்க, நானே இட்டுக்கட்டி உள்ளே சொருகி வச்ச பொய்ச் சொல் அது."

டனூட்டா தன் அகராதியை மெல்ல மூடினாள்.

"அர்த்தம் அவ்வளவு அழகா இருந்துச்சு, மேடம். விட மனசு வரல."