இன்னும் எவ்வளவு நேரம்?

“வேலைக்கு வர்றவங்க இந்த வீட்டு பாத்ரூமை யூஸ் பண்ணக்கூடாது.”

மூலையிலிருந்த கேமராவை ஒரு பார்வை பார்த்துவிட்டுத்தான் அந்த அம்மாள் இதைச் சொன்னாள். வாஷிங் மெஷினுக்குப் பின்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்த மெக்கானிக்குக்குச் சுருக்கென்றது.

“தோட்டத்துப் பக்கமாவது போய்ட்டு வரட்டுமா மேடம்?”

“அங்கயும் கேமரா இருக்கு.”

அதற்கு மேல் என்ன கேட்பது? அவருக்குச் சர்க்கரை உடம்பு. முந்தைய வீட்டில் வாங்கிக் குடித்த தண்ணீரெல்லாம் அடிவயிற்றில் வந்து உட்கார்ந்துகொண்டு முறைத்தது. தெருமுனை பெட்ரோல் பங்குக்கு ஓடலாம்தான். ஆனால் பாதி வேலையில் எழுந்து போனால் கம்பெனிக்குப் போன் பறக்கும். ஏற்கெனவே அவர் மேல் இரண்டு புகார். இன்னொன்று வந்தால் வீட்டுக்கு அனுப்பிவிடுவதாகச் சொல்லியிருந்தார்கள்.

முன்வாசலில் மணி அடித்தவரைப் பின்பக்கம் சுற்றி வரச் சொன்னபோதே அவர் சுதாரித்திருக்க வேண்டும். பின்வாசல் படியில் ஒரு ஜோடி ரப்பர் செருப்பு கிடந்தது. அறுந்த வாரில் ஊக்கு குத்தி ஒப்பேற்றியிருந்தது. எவளோ ஒரு வேலைக்காரி இங்கே மாட்டிக்கொண்டு முழிக்கிறாள், பாவம் என்று நினைத்தபடி, தன் செருப்பை அதன் பக்கத்திலேயே விட்டுவிட்டு வந்திருந்தார்.

“இன்னும் எவ்வளவு நேரம்?” என்றாள் அந்த அம்மாள்.

“இப்பதானே மேடம் கழட்டியிருக்கேன்.”

மடிப்புக் கலையாத புடவை, கையில் வாட்ச். பக்கத்திலேயே சோபா இருந்தும் அவள் உட்காரவில்லை. ஒரு காலிலிருந்து இன்னொரு காலுக்கு மாறி மாறி நின்றபடி அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். சோப்புத் தூளைத் தூக்கிக்கொண்டு ஓடிவிடுவேன் என்று காவல் நிற்கிறாளாக்கும் என்று அவர் பல்லைக் கடித்தார்.

பணம் சேரச் சேர மனசு சுருங்கிவிடும் என்பது மெக்கானிக்கின் நெடுநாள் கட்சி. எந்தப் பெரிய வீட்டுக்குப் போய்வந்தாலும் அந்தக் கட்சிக்கு ஓர் ஆள் கூடிவிடும்.

பம்பைத் திறந்தார். உள்ளே ஒரு குழந்தையின் காலுறை சுருண்டு அடைத்துக்கொண்டிருந்தது. அதை உருவிப் போட்டுவிட்டு, மறுபடி மாட்டி, மெஷினை ஓடவிட்டார்.

சொர்ரென்று தண்ணீர் இறங்கியது. அவர் நிலைமையில் கேட்கக் கூடாத சத்தம். பல்லைக் கடித்துக்கொண்டு நிமிர்ந்தால், அந்த அம்மாளும் கண்ணை இறுக மூடிக்கொண்டிருந்தாள். தண்ணீர் வீணாகிறதே என்று வயிறு எரிகிறதாக்கும்!

“ஓடுதுல்ல? இன்னும் எவ்வளவு நேரம்?”

இதோடு எத்தனையாவது தடவை! நம்மைப் போன்றவன் இவள் வீட்டுக் காற்றைக் கொஞ்சம் கூடுதலாகச் சுவாசித்துவிட்டால் தரித்திரம் ஒட்டிக்கொள்ளுமா? மெக்கானிக்குக்கு வந்த ஆத்திரத்தில் அடிவயிறுகூட ஒரு கணம் மறந்து போயிற்று. நான் அடக்கிக்கொண்டு செத்தாலும் பரவாயில்லை, இவளை இன்னும் கொஞ்சம் நிற்க வைக்காமல் போவதில்லை என்று முடிவு கட்டினார்.

“இன்னொரு தரம் ஓட்டிப் பார்க்கணும் மேடம்.”

“ஐயோ, வேண்டாம்! அதான் நல்லா ஓடுதே!” அவள் குரல் கெஞ்சியது.

“ரூல்ஸ் மேடம். ரூல்ஸ் உங்க வீட்டுக்கு மட்டும்தானா?”

மறுபடியும் தண்ணீர் சொர்ரென்றது. அவர் நெற்றியில் வியர்வை துளிர்த்தது. ஆனாலும் திருகாணி ஒவ்வொன்றையும் நிதானமாக முறுக்கினார், ஏற்கெனவே முறுக்கியதையும் சேர்த்து. அந்த அம்மாள் சுவரில் கையை ஊன்றிக்கொண்டு உதட்டைக் கடித்தாள். பார்க்கப் பார்க்க அவருக்கு மனசு குளிர்ந்தது.

ஒருவழியாகப் பையைத் தூக்கிக்கொண்டு கிளம்பினார். அந்த அம்மாள் அவர் முதுகில் கை வைத்துத் தள்ளாத குறையாகப் பின்னாலேயே வந்தாள். பின்வாசல் படி தாண்டியதும் அவருக்குப் பொறுக்கவில்லை. மூன்றாவது புகார் வந்தால் வரட்டும் என்று திரும்பினார்.

“இவ்ளோ பெரிய வீடு! ஒரு மனுஷனுக்கு ஒரு நிமிஷம் கதவைத் திறந்துவிட்டா என்னங்க குறைஞ்சு போயிடும்? எங்களுக்கும் உங்களை மாதிரிதானே உடம்பு? அடக்கிக்கிட்டு நின்னு பார்த்தாதான் உங்களுக்கெல்லாம் தெரியும்!”

அந்த அம்மாள் கதவை இழுத்துப் பூட்டிவிட்டு, அவசர அவசரமாகப் படியிறங்கி, ஊக்கு குத்திய செருப்பில் காலை நுழைத்தாள்.

மெக்கானிக் அந்தச் செருப்பையும் புடவையையும் மாறி மாறிப் பார்த்தார். “மேடம், இது... உங்க...”

“மேடமெல்லாம் சாயங்காலம்தான் வருவாங்கண்ணே. புடவை அவங்க கழிச்சுக் கொடுத்தது. வெளியாள் உள்ள இருக்கிற வரைக்கும் இடத்தை விட்டு நகரக்கூடாதுன்னு உத்தரவு” என்றவள், அவரைத் தாண்டி ஓட்டமும் நடையுமாகப் பெட்ரோல் பங்க் பக்கம் விரைந்தாள்.

“சீக்கிரம் வாங்கண்ணே, நானும் காலைலேர்ந்து அடக்கிக்கிட்டுத்தான் நிக்கிறேன்.”