நடுச்சுவர்

கொத்தனார் கலவையைக் குழைத்து முடித்துவிட்டார். கணவன் மட்டும் குளத்து மேல்படியை விட்டு அசையவில்லை. ஈரத்துணி ஒன்றைப் போர்த்திக்கொண்டு, தோல் வெடிக்க வெடிக்க, இரண்டு சூரியனும் காயும் கல்லில் உட்கார்ந்திருந்தான். முட்டைகள் போன நாளிலிருந்து அவனுக்கு இருப்பும் படுப்பும் அந்தக் கல்தான்.

குளத்தில் கழுத்தளவு அமிழ்ந்திருந்த மனைவிக்கு வயிறு எரிந்தது. தப்புச் செய்யாதவன் எதற்குத் தண்ணீரைக் கண்டு ஓட வேண்டும்?

செவுளும் நுரையீரலுமாகப் பிறக்கும் அந்த உலகத்து மக்களுக்கு வீடு என்றால் குளம், தெரு என்றால் வாய்க்கால். ஆளுக்கு ஆள் தோலின் ருசி வேறு. கண்ணை மூடிக்கொண்டே தண்ணீரில் கை வைத்தவர் யார் என்று சொல்லிவிடுவார்கள். ஒரே தண்ணீரில் இருந்துகொண்டு பொய்யும் சொல்ல முடியாது. சொன்னவர் உடம்பிலிருந்து ஒரு கசப்பு இறங்கி, பக்கத்தில் இருப்பவர் செவுளில் சுருக்கென்று தைக்கும். நம்பத் தகாத பேச்சுக்கு அவர்கள் வைத்த பெயரே கரைப் பேச்சு.

நடந்தது இதுதான். அன்று அவள் சாயப்பட்டறைக்கு மேலே உள்ள வாய்க்காலில் தூர்வாரப் போயிருந்தாள். அவன் வீட்டில் முட்டைக்காவல். மதியமானால் பட்டறையிலிருந்து கொதிநீரை வாய்க்காலில் திறந்துவிடுவார்கள்; அதற்குள் வீட்டு மடையின் பலகையை இறக்கிவிட வேண்டும். இது ஊருக்கே தெரிந்த விஷயம். அவள் திரும்பி வந்தபோது பலகை தூக்கியிருந்தது. முட்டைச்சரம் வெந்து வெளுத்து மிதந்துகொண்டிருந்தது.

"நான் அடைச்சுட்டுத்தான் படியில கண்ணசந்தேன்" என்று அவன் சொன்னது ஒரே தடவை. அதையும் கரையில் நின்றுதான் சொன்னான். அப்புறம் தண்ணீரில் கால் வைக்கவே இல்லை.

அக்கா இல்லாவிட்டால் அவள் அன்றைக்கே உடைந்து போயிருப்பாள். அம்மா போன பிறகு அவளுக்கு அம்மாவாக இருந்தவள் அக்காதான். அக்காவின் முட்டைகள் அடுத்த சில நாளில் பொரிந்தன. முதலில் பொரிக்கும் மகளுக்கு என்று அம்மா விட்டுப்போன மேட்டுக்குளமும் அவள் கைக்கு வந்தது. அந்தச் சந்தோஷத்தை ஓரமாக வைத்துவிட்டு தினமும் வந்து தங்கையோடு அழுதாள். துக்க வீட்டுத் தண்ணீரை வெளியாள் கலக்கக் கூடாது என்ற முறைக்காக, கூடப் பிறந்தவளாக இருந்தும், படியில் உட்கார்ந்தே அழுதாள்.

"தூங்கிட்டாண்டி. அன்னைக்கு நான் எட்டிப் பார்த்தேன், அடிச்சுப் போட்ட மாதிரி கெடந்தான். இவனோட எப்படி இன்னும் ஒரே குளத்துல இருப்ப?" என்று அவள் சொல்லிச் சொல்லித்தான் இன்று கொத்தனார் வந்திருக்கிறார். குளத்தின் நடுவே சுவர் எழுந்துவிட்டால் கல்யாணம் முடிந்தது.

கொத்தனார் கரண்டியால் சட்டியைத் தட்டினார். "ரெண்டு பேரும் சேர்ந்து ஒரு முங்கு முங்கிடுங்க. அது ஆகாம நான் முதல் கல்லை வைக்க முடியாது."

"அதெல்லாம் பழைய காலத்துச் சாங்கியம்" என்றாள், இன்றும் படியிலேயே உட்கார்ந்திருந்த அக்கா. "நீங்க வைங்க கொத்தனாரே."

"சாங்கியமோ சனியனோ, முங்காத குளத்துல சுவர் வச்சேன்னு தெரிஞ்சா நாளைக்கு ஒருத்தன் என்னை வேலைக்குக் கூப்பிட மாட்டான். கலவை வேற இறுகுது. சேர்ந்து இருக்கத்தான் தெரியல, பிரியறதையாவது ஒழுங்கா செய்யுங்க."

அவள் படியோரம் நீந்தி வந்தாள். "இறங்குங்க. பயமா இருக்கா?"

"வேண்டாம். தப்பு என்னுதுதான்னு வச்சுக்க. சுவரை வைக்கச் சொல்லு."

வச்சுக்கவாம். பிள்ளைகளைக் கொன்றுவிட்டு, கடைசி நாளிலும் கரைப் பேச்சு. ஆத்திரத்தில் அவன் காலைப் பிடித்து ஒரே இழுப்பாக இழுத்தாள். அவன் தொப்பென்று விழுந்தான். படியெல்லாம் தண்ணீர் தெறித்தது.

அவள் செவுளை விரித்துக்கொண்டு, வரப்போகும் கசப்புக்குப் பல்லைக் கடித்தபடி கேட்டாள். "மடையை அடைச்சீங்களா?"

"அடைச்சேன்."

கசக்கவில்லை. கொஞ்ச நேரம் பொறுத்துப் பார்த்தாள். அவனிடமிருந்து களைப்பு இறங்கியது, காய்ந்த தோல் இறங்கியது, அவளுடையதைப் போலவே இன்னும் ஆறாத துக்கம் இறங்கியது. கசப்பு மட்டும் இல்லை. இவனையா இத்தனை நாள் வெயிலில் உட்கார வைத்தோம்?

"அப்ப பலகையைத் தூக்கினது யாரு? உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியாது."

செவுளில் சுருக்கென்று தைத்தது.

"பொய் சொல்றீங்க."

அவன் தலையைக் குனிந்துகொண்டான். "கேக்காதம்மா. பலகையில இருந்த கை ருசி என்னோட போகட்டும். அதுங்கதான் போயிடுச்சு. உனக்குன்னு ஒருத்தராவது மிச்சம் இருக்கட்டும்."

கொத்தனார் கல்லைக் கையில் ஏந்தியபடி பார்த்தார். "என்ன, வைக்கவா வேண்டாமா?"

"வைங்க, வைங்க. இன்னும் கேக்கறதுக்கு என்ன இருக்கு?" என்ற அக்கா, தெறித்த தண்ணீர் படியில் வழிந்து வருவதைப் பார்த்ததும் பாதத்தை வெடுக்கென்று இழுத்து மேல்படியில் வைத்துக்கொண்டாள்.

தங்கை அந்தப் பாதங்களையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அக்கா, நீ ஒரு தடவை இறங்கு."