வாணலிக்கு வந்த கோபம்

விருந்தாளிகளுக்காக ஜெபராணி கோழிக் கொத்துக்கறியில் இஞ்சியும் சோயா சாஸும் போட்டுப் பிசைந்து உருண்டை பிடித்தாள். இரும்பு வாணலி அவற்றைப் பதமாகப் பொரித்துக் கொடுத்தது. எள் தூவிய உருண்டைகளோடு கூடத்துக்குப் போன பீங்கான் தட்டு காலியாகத் திரும்பி வந்தது.

“எல்லாரும் என்னைத்தான் போட்டோ எடுத்தாங்க. உன்னை ஒருத்தரும் கேக்கல” என்றது தட்டு.

வாணலிக்கு அடிவயிறு பற்றியெரிந்தது. “அடுத்த ஈடு உனக்குக் கிடையாதுடி!” என்று கத்தி, எண்ணெயைப் புகைய விட்டது.

“அண்ணே, நாங்க என்ன பண்ணினோம்?” என்று உருண்டைகள் அலறின. வாணலி காதில் வாங்கவே இல்லை. அத்தனையும் கரிக்கட்டையாகிவிட்டன.

ஜெபராணி அவற்றைக் குப்பையில் கொட்டினாள். அதே தட்டில் முறுக்கை அடுக்கி எடுத்துக்கொண்டு கூடத்துக்குப் போனாள். அடிப்பிடித்த வாணலி தொட்டிக்குள் கிடந்து இன்னும் சீறிக்கொண்டிருந்தது.