நிரப்பாத வட்டம்

நான்கு ஆசிரியர்கள் மாணவர்களாக நடிக்க, செம்பியன் கரும்பலகையில் கணக்கை எழுதினான்.

சிதம்பரத்தின் அந்த மெட்ரிகுலேஷன் பள்ளியில் இப்படித்தான் வாத்தியார் எடுப்பார்கள். பிள்ளைகள் வீட்டுக்குப் போனபின், வேலையில் இருப்பவர்களைக் குட்டி பெஞ்சில் முட்டி இடிக்க உட்காரவைத்து, வேலை கேட்டு வந்தவனைப் பாடம் நடத்தச் சொல்வார்கள்.

சமூக அறிவியல் டீச்சர் மட்டும் தத்ரூபமாக நடித்தார். தூங்கிவிட்டார்.

கடைசி பெஞ்சில் தாளாளர் சுப்புராயன். அரிசி ஆலைக்காரர். ‘தானே’ புயலில் பறந்த கூரைக்குப் புதுத் தகரம் போட்ட பெருமையில் அடிக்கடி அண்ணாந்து பார்த்துக்கொண்டார்.

5 − 2x > −9.

குறை எண்ணால் வகுத்தால் அசமன்பாட்டின் குறி திரும்பும் என்று சொல்லி, x < 7 என்று முடித்தான் செம்பியன். எண்கோட்டில் ஏழின் மேல் ஒரு வட்டம் போட்டு, இடப்பக்கமாக அம்புக்குறி இழுத்தான்.

வட்டத்தின் உள்ளே எதுவும் இல்லை.

தாளாளர் கையைத் தூக்கினார். மாணவனாம். வட்டம் காலியாக இருப்பது பார்க்க லட்சணமாக இல்லை என்றார். அவர் வாங்கிவைத்திருக்கும் கைடில் எல்லா வட்டமும் ரொப்பித்தான் இருக்கிறதாம்.

ஏழுக்குக் குறைந்தவைதான் இதில் சேரும், நிரப்பினால் ஏழையும் சேர்த்ததாகிவிடும் என்றான் செம்பியன்.

முதல்வர் ஜான்சிக்கு அது தெரியும். கணக்கில் முதுகலை. அவர் ஜன்னல் வழியே கொடிக்கம்பத்தைக் கவனமாகப் பார்த்துக்கொண்டிருந்தார்.

செம்பியனின் மனைவி இளமதி இறந்துபோனதிலிருந்து மகள் கீரப்பாளையத்தில் மாமியாரிடம் இருக்கிறாள். மாசச் சம்பளக்காரனாக வா, அப்புறம் பிள்ளையைத் தூக்கு என்று வாசலிலேயே நிறுத்திச் சொல்லிவிட்டாள் அந்த அம்மாள். பிள்ளைக்கு இப்போதுதான் பல் முளைக்கிறது. அவனைக் கண்டால் அழுகிறது.

இந்த வேலை கிடைத்தால் அழுகிற பிள்ளையையாவது தூக்கிவரலாம்.

சுப்புராயனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. மூட்டைக்கு ஒரு படி கூடக்குறைய அளந்தே பள்ளிக்கூடம் கட்டிய மனிதர்.

“ஒரே ஒரு புள்ளி சார். உள்ள இருந்தா என்னா, வெளில கெடந்தா என்னா? ரொப்பிட்டு எறங்குங்க, ஆர்டர் குடுத்துடறேன்.”

எல்லோரும் சிரித்தார்கள். தூங்கியவர்கூட எழுந்து, எதற்கென்று தெரியாமலே சிரித்தார்.

சாக்பீஸ் கையில்தான் இருந்தது. ஒரு திருகு திருகினால் போதும்.

செம்பியன் அதைப் பலகையின் விளிம்பில் வைத்தான்.

“ஏழு சேராது சார்.”

அப்படியானால் நீங்களும் சேர வேண்டாம் என்றார் தாளாளர். தன் நகைச்சுவைக்குத் தானே தலையாட்டிக்கொண்டு கார் சாவியை எடுத்தார்.

ஜான்சி கேட்வரை பின்னாலேயே வந்தார். ரொப்பிவிட்டுப் போயிருக்கலாமே தம்பி, பிள்ளைகளுக்கு அப்புறம் சரியாகச் சொல்லிக்கொடுத்திருக்கலாமே, இதில் என்ன வீம்பு என்று கேட்டார்.

செம்பியன் விரலில் ஒட்டியிருந்த சாக்பீஸ் தூளைத் தட்டிவிட்டு நடந்தான்.

பிரசவத்துக்கு மறுநாள், இளமதிக்கு ரத்தம் ஏற்றச் சொல்லி டூட்டி டாக்டரிடம் அவன் கெஞ்சினான். ஹீமோகுளோபின் ஏழுக்குக் குறைந்தால்தான் ஏற்றுவோம், அதுதான் விதி என்றார் அவர். கணக்குப் படித்தவன். அந்த விதியில் அவனால் தப்பு கண்டுபிடிக்க முடியவில்லை. தலையாட்டிவிட்டு வந்து கட்டிலருகே உட்கார்ந்துகொண்டான்.

இளமதிக்குச் சரியாக ஏழு இருந்தது.