நாலு கை

"பயந்து பயந்து தொடாதேடி! நான் என்ன கண்ணாடிப் பாத்திரமா, உடைஞ்சு போக?"

மேசையில் குப்புறப் படுத்திருந்த ஹேதியா போட்ட சத்தத்தில் வகுப்பே திரும்பிப் பார்த்தது. விதாத் எண்ணெய்க் கையை உதறிக்கொண்டு நின்றாள். கண்ணில் நீர் முட்டியது.

"எனக்கு வராது, லெல்லா. நான் போறேன்" என்றாள், பெரியவர்களை 'லெல்லா' என்று அழைக்கும் மரியாதையை அப்போதும் விடாமல்.

"போ. போய் என்ன பண்ணுவ? மூடிப் போன உன் ஜீன்ஸ் கம்பெனி பூட்டுக்கு முன்னாடி உட்கார்ந்து தையல் மெஷின் ஓட்டுவியா? மறுபடி தோள்பட்டையிலிருந்து ஆரம்பி."

யாரோ ஒருத்தி சிரித்தாள். "இவங்ககிட்ட மாமியாரும் மருமகளும் தோத்தாங்க!"

பயிற்சியாளர் நஜ்வா பெருமூச்சு விட்டாள். வேலை போன பெண்களுக்கு ஸ்பா வேலை கற்றுக்கொடுக்க துனிசியாவின் நாபெல் நகரத்தில் தொடங்கிய வகுப்பு அது. கற்றுக்கொடுப்பதைவிட இந்த இருவருக்கும் நடுவே போய் நிற்பதே அவளுக்குப் பெரிய வேலையாக இருந்தது.

மதியம் ஹேதியாவைத் தனியே அழைத்தாள். "லெல்லா, நாலு கை மசாஜுக்கு ஜோடி ஒத்துப் போகணும். படுத்திருக்கறவங்களுக்கு ரெண்டு பேர் தொடற மாதிரியே தெரியக் கூடாது. உங்களுக்கு வேற ஆளைத் தரேன்."

"வேணாம்."

"அந்தப் பொண்ணு தினமும் அழறாம்மா."

"அழட்டும். மத்தவங்க யாரும் இவளைத் திட்ட மாட்டாங்க. பாவம்னு விட்டுடுவாங்க. பாவம் பார்த்தா தொழில் வருமா?" என்று சொல்லிவிட்டு ஹேதியா எழுந்து போனாள். போகிற போக்கில், ஹரிஸ்ஸா மிளகாய் விழுதும் டூனா மீனும் வைத்த தன் ரொட்டியில் பாதியைப் பிய்த்து விதாத்தின் முன்னால் வைத்தாள். "தின்னு. வெறும் வயிறு, அதான் கை நடுங்குது."

இந்த அம்மாளை என்னவென்று எடுத்துக்கொள்வது? நஜ்வாவுக்குப் புரியவில்லை.

ஆனால் ஒன்றை மட்டும் அவளால் மறுக்க முடியவில்லை. கற்றுக்கொள்வதில் ஹேதியாவுக்கு வெட்கமே கிடையாது. இளம் வயதிலிருந்து பொதுக் குளியல் கூடத்தில் அழுக்குத் தேய்த்த கை அது. அந்தக் கூடத்தை மூடியதும் இங்கே வந்தாள். முதல் வாரம் அவள் தொட்டவர்கள் எல்லாம் அலறினார்கள். "பழுத்த அத்திப்பழத்தை வெடிக்காம அழுத்தற மாதிரி" என்று நஜ்வா ஒருமுறை சொல்லிவைத்தாள். மறுநாள் ஹேதியா ஒரு கூடை அத்திப்பழத்தோடு வந்து நின்றாள். மூலையில் உட்கார்ந்து ஒவ்வொன்றாக அழுத்திப் பார்த்தாள். வெடித்த பழங்களை வகுப்பே தின்றது. அடுத்த வாரம் கூடையில் ஒரு பழம்கூட வெடிக்கவில்லை, வகுப்புக்குத் தின்னத்தான் ஒன்றும் கிடைக்கவில்லை.

"ஐயோ, கத்துக்கிட்டீங்களே!" என்று எல்லோரும் அங்கலாய்த்தார்கள்.

தேர்வு நாள் வந்தது. கடற்கரை ஹோட்டல் ஒன்றின் ஸ்பா நிர்வாகி, மதாம் ரவ்தா, நேரில் வந்தார். நாலு கை மசாஜுக்கு ஒரே ஒரு ஜோடிதான் வேண்டும் என்றார். தானே மேசையில் படுத்தும் கொண்டார்.

முதலில் வந்த ஜோடிகள் நன்றாகவே செய்தார்கள். ஆனால் ஒருத்தி கை கழுத்துக்குப் போகும்போது இன்னொருத்தி கை இடுப்பில் தடுமாறியது. மதாம் ரவ்தா கண்ணைத் திறந்து திறந்து மூடினார்.

கடைசியாக ஹேதியாவும் விதாத்தும்.

விதாத்தின் விரல்கள் நடுங்குவதை நஜ்வா தூரத்திலிருந்தே பார்த்துவிட்டாள். இப்போது அந்த அம்மாள் வாயைத் திறந்தால் எல்லாம் போச்சு!

ஹேதியா வாயைத் திறக்கவில்லை. விதாத்தின் முகத்தையே பார்த்தபடி மூச்சை இழுத்தாள், கொஞ்சம் சத்தமாக. விட்டாள். மறுபடி இழுத்தாள். அந்த மூச்சோடு விதாத்தின் மூச்சும் மெல்ல மெல்லச் சேர்ந்துகொண்டது. நடுக்கம் அடங்கியது. நாலு கையும் ஒன்றாகத் தோளில் இறங்கின, ஒன்றாக முதுகில் வழுக்கின, பிரிந்தன, மறுபடி சேர்ந்தன. முரட்டுக் கை எது, பயந்த கை எது என்று நஜ்வாவுக்கே தெரியவில்லை.

மதாம் ரவ்தா லேசாகக் குறட்டை விட்டார்.

விழித்ததும் போர்வையைச் சுற்றிக்கொண்டு எழுந்து உட்கார்ந்தார். "நிஜமாவே ரெண்டு பேரா இருந்தீங்க?" என்று கேட்டார். பிறகு நஜ்வாவிடம், "இவங்கதான். திங்கட்கிழமை வரச் சொல்லுங்க" என்றார்.

விதாத் சுவரில் சாய்ந்து முகத்தை மூடிக்கொண்டாள். இந்த முறை அழுததற்கு யாரும் திட்டவில்லை.

"பழகின கை மாதிரி அவ்வளவு ஒத்துப் போச்சு" என்றார் மதாம் ரவ்தா. "அம்மாவும் பொண்ணுமா?"

"இல்லம்மா."

"அக்கா தங்கச்சி? சொந்தக்காரங்களாவது?"

ஹேதியா கையிலிருந்த எண்ணெயை நிதானமாகத் துடைத்தாள்.

"என் புருஷன் என்னை விவாகரத்து பண்ணிட்டுக் கட்டிக்கிட்டது இவளைத்தாம்மா. அவன் இவளையும் கைக்குழந்தையோட விட்டுட்டு ஓடிட்டான்னு கேள்விப்பட்ட அன்னைக்கே, நான் போய் என் வீட்டுக்குக் கூட்டிட்டு வந்துட்டேன்."