இரண்டாவது டேக்

அகதிகளின் நம்பிக்கை பற்றிய என் ஆவணப்படத்துக்காக, தவமலர் அக்கா தன் முகாம் வீட்டில் முருகன் படத்தின் முன் கண் மூடி நின்றதைப் பக்கவாட்டிலிருந்து எடுத்து முடித்திருந்தோம். முகம் நேராகவும் வேண்டியிருந்தது.

"அக்கா, இன்னொரு தடவை கும்பிட முடியுமா?"

"கேட்டாச்சு, பிள்ளை. திரும்பக் கேட்டா, முதல் கேட்டதில எனக்கே நம்பிக்கை இல்லையெண்டு முருகன் நினைக்கமாட்டாரோ?"

அவர் கேட்டது என்னவென்று எனக்குத் தெரியும். படகில் போன மகன் நிரூபன் தூர நாடொன்றில் தடுப்புக்காவலில் இருக்கிறான். அவனை அங்கே தங்கவிடுவதா, திருப்பி அனுப்புவதா என்று மறுநாள் தீர்ப்பு.

"படத்துக்குத்தானே அக்கா. சும்மா நின்னாப் போதும்."

"அவருக்கு முன்னால சும்மா நிக்கேலுமே? சரி, உமக்கு ஏதாவது கேக்கிறன்" என்று சிரித்தார்.

இம்முறை நெடுநேரம் நின்றார். உதடுகள் அசைந்துகொண்டே இருந்தன. எனக்காக எதைக் கேட்டிருப்பார்? என்னைப் பற்றி அவரிடம் நான் எதுவும் சொன்னதில்லை. நான் கும்பிடுவதை நிறுத்திப் பல வருடங்கள் ஆகின்றன என்பதைக்கூட.

அறைக்குத் திரும்பியதும், அவர் சேலையில் குத்தியிருந்த மைக்கின் பதிவை ஹெட்ஃபோனில் போட்டு ஒலியை முழுக்கக் கூட்டினேன்.

"முருகா, இது படத்துக்கு. முதல் கேட்டதுதான் கேட்டது, குழம்பிப்போடாதை." ஒரு நீண்ட மூச்சு. "இந்தப் பிள்ளைக்கு என்ன வேணுமெண்டு எனக்குத் தெரியேல்ல. அதுக்கே தெரியுமோ தெரியாது. நீ ஒருக்காக் கேட்டுப் பார்."