வாய் திறக்காத வௌவால்

ஆய்வுக்காகப் பிடித்துத் துணிப்பையில் வைத்திருந்த வௌவாலை எடுத்துக் கைக்குள் பிடித்து அளந்தாள் பெர்சிஸ். அதன் மூக்கின் மேல் இலைபோல் விரிந்திருந்த தோல் மட்டும் துடித்தது. "ரொம்ப சாது. வாயே திறக்கல," என்றாள். "குரலைக் கேட்டாதான் மேடம் எந்த இனம்னு சொல்ல முடியும்," என்ற உதவியாளர் மாசிலாமணி, மனிதக் காதுக்கு எட்டாத ஒலியைக் கேட்கவைக்கும் கருவியைப் போட்டார். மூடிய வாயோடு அது மூக்கால் அலறிக்கொண்டிருந்தது. அவள் விரல்கள் தளர்ந்தன. "விட்றாதீங்க, இப்பதான் தெளிவா வருது. புது இனம் மாதிரி தெரியுது!" புது இனம் என்றதும் இறுக்கிப் பிடித்தாள். பதிவு முடிந்ததும் பறக்கவிட்டாள். கருவியில் அலறல் நிற்கவில்லை. மற்ற வௌவால்கள் இருந்த துணிப்பைகள் மரக்கிளையில் வரிசையாகத் தொங்கின. காலையிலிருந்து அவற்றுக்குக் கீழே உட்கார்ந்துதான் இருவரும் டீ குடித்துச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். மாசிலாமணி அண்ணாந்து பார்த்தார். பெர்சிஸால் முடியவில்லை.